துணைக்கு ஒரு பெயர்

அனீஸ் சார் இறந்த செய்தி எனக்கு வயலில் வந்தது. குறுவை நாற்றங்காலுக்குத் தண்ணீர் பாய்ச்சிக்கொண்டிருந்தேன். போனில் அதிராம்பட்டினத்துக் காதர். எங்கள் இருவரிடமும் படித்தவர், இப்போது அங்கே ஒரு பள்ளிவாசலின் நிர்வாகத்தில் இருக்கிறார். "அய்யா, அனீஸ் சார் மவுத்தாயிட்டாங்க. விடியக்கால சுபுஹு தொழுகைக்கு ஆளக் காணோமேன்னு வீட்டுக்குப் போயிப் பாத்தோம். தூக்கத்துலயே போயிட்டாங்க" என்றார். மடையை அடைக்கவும் தோன்றாமல் வரப்பில் உட்கார்ந்துவிட்டேன்.

காதர் போனை வைக்கவில்லை. எதையோ கேட்கத் தயங்குவது தெரிந்தது.

"மைக்குல சொல்லணும் அய்யா. சாரோட யார் பேரச் சேத்துச் சொல்றதுன்னுதான் தெரியல. அவங்களுக்குச் சொந்தம்னு யாராச்சும் ஒங்களுக்குத் தெரியுமா?"

அந்த ஊரில் யாராவது இறந்தால் பள்ளிவாசல் ஒலிபெருக்கியில் அறிவிப்பார்கள். இறந்தவரின் பெயர் முதலில் வராது. இன்ன தெருவைச் சேர்ந்த, இன்னாரின் மகனும், இன்னாரின் மருமகனும், இன்னார் இன்னாரின் தகப்பனாரும், இன்னாரின் மச்சானுமாகிய என்று உறவுகளை எல்லாம் அடுக்கி முடித்த பிறகுதான் பெயர். கேட்கிறவர்கள் அந்த வரிசையில் தமக்குத் தெரிந்த ஒருவரைப் பிடித்துக்கொண்டு, சட்டையை மாட்டிக் கிளம்புவார்கள். அனீஸ் சாருக்கு மனைவி இல்லை, பிள்ளை இல்லை, உடன்பிறப்பு இல்லை. தாய்மாமன்மார் எல்லாரும் எப்போதோ போய்விட்டார்கள். தகப்பனார் பெயரைச் சொல்லலாம். ஆனால் அந்த மனிதரை ஊரில் நினைவு வைத்திருப்பவர் ஒருவரும் இல்லை. யாருடைய ஆள் என்றே தெரியாத ஒருவரின் ஜனாஸாவைத் தூக்க யார் வருவார்கள்? காதரின் கவலை அதுதான். "யோசிச்சுச் சொல்றேன் தம்பி" என்றேன். யோசிக்க என்ன இருக்கிறது? அவருக்கு யாரும் இல்லை என்பது எனக்குத் தெரியாதா?

அவரை அறியாதவர்களுக்காகக் கொஞ்சம் சொல்ல வேண்டும். பட்டுக்கோட்டைப் பக்கம் ஒரு மேல்நிலைப் பள்ளியில் நான் தமிழாசிரியராகச் சேர்ந்தபோது அவர் அங்கே வரலாற்று ஆசிரியர். ஒல்லியான உடம்பு, வெள்ளைச் சட்டை, மடித்த கைக்குட்டையைக் காலருக்குள் செருகியிருப்பார். யாரைப் பார்த்தாலும் பெயருக்குப் பொருள் கேட்பது என் புத்தி. அவரிடமும் கேட்டேன்.

"அது பேரு இல்ல சார், வேல" என்றார். "பொறந்த அன்னைக்கே ஆர்டர் குடுத்துட்டாங்க."

சிரித்துக்கொண்டேதான் சொன்னார். கதை அவ்வளவு சிரிப்பானது இல்லை. அவர் வயிற்றில் இருக்கும்போதே தகப்பனார் வியாபாரத்துக்கென்று பினாங்குக்குக் கப்பலேறிவிட்டார். அந்தக் காலத்தில் அதிராம்பட்டினத்தில் தலைப்பிள்ளைக்குப் பாட்டனார் பெயரை வைப்பதுதான் வழக்கம். அதனால் இருக்கிற சில பெயர்களே குடும்பத்துக்குள் சுற்றிச் சுற்றி வரும். தெருவில் நின்று ஒரு பெயரைக் கூப்பிட்டால் நாலு வாசலிலிருந்து பதில் வரும். பிள்ளையின் காதில் பாங்கு சொல்ல வந்த பள்ளிவாசல் ஹஜ்ரத்தும் பாட்டனார் பெயரைத்தான் எதிர்பார்த்திருந்தார். திரைக்குப் பின்னாலிருந்து அவருடைய தாயார், "எனக்குத் துணைக்கு ஒரு பேரா வைங்க ஹஜ்ரத்" என்றாராம். ஹஜ்ரத் கொஞ்சம் யோசித்துவிட்டு, குழந்தையின் காதில் அனீஸ் என்று சொன்னார். கூடவே இருப்பவன், தனிமையைப் போக்குபவன் என்று பொருள். பாட்டனார் பெயரை விட்டுவிட்டார்களே என்று தகப்பன் வீட்டாருக்கு வருத்தம். தகப்பனார் அதன் பிறகு ஊர் திரும்பவே இல்லை. அங்கேயே ஒரு குடும்பம் அமைத்துக்கொண்டதாக யாரோ வந்து சொன்னார்கள்.

மதியச் சாப்பாடு முடிந்ததும் ஆசிரியர் அறையில் அவர் பேச ஆரம்பித்தால் மணி அடிப்பது காதில் விழாது. அனஸ், உனைஸ், அனீஸ், அனீசா என்று ஒரே வேரில் கிளைத்த பெயர்களை வரிசையாகச் சொல்வார். நபித்தோழர்களில் அனசும் உண்டு, உனைசும் உண்டு. மனிதன் என்பதற்கான அரபுச் சொல்லே அந்த வேரிலிருந்து வந்தது என்று சொன்ன பழைய இலக்கணக்காரர்கள் இருந்தார்களாம். இல்லை, மறதி என்ற சொல்லிலிருந்து வந்தது என்று அவர்களோடு மல்லுக்கு நின்றவர்களும் இருந்தார்களாம். "ரெண்டுமே சரியாத்தான் சார் இருக்கு" என்பார். அந்தக் கால அரபியர் தீக்குக்கூட இதே வேரில் ஒரு பெயர் வைத்திருந்தார்கள். பாலைவனத்தில் தன்னந்தனியாக வருகிறவனுக்குத் தூரத்தில் ஒரு தீ தெரிந்தால் பயம் போய்விடும் அல்லவா, அதனால். சேவலுக்கும் அனீஸ் என்று ஒரு பெயர் உண்டாம். அதைச் சொன்ன நாளிலிருந்து எங்கள் உடற்பயிற்சி ஆசிரியர் காலையில் அவரைப் பார்த்தால் கூவிக் காட்டுவார். அனீஸ் சார் கோபித்துக்கொண்டதே இல்லை. "வீட்ல அனீஸ் இல்லன்னு சொன்னா, அரபுல வீட்ல ஒரு மனுசரும் இல்லன்னு அர்த்தம் சார்" என்று ஒருநாள் சொன்னார். அதை மட்டும் சிரிக்காமல் சொன்னார்.

அரபு மண்ணிலிருந்து அந்தப் பெயர் பாரசீகம் போய், அங்கிருந்து வடநாட்டுக்கு வந்து, அங்கே அரண்மனைக்காரர்களுக்கும் கவிராயர்களுக்கும் பிடித்துப்போன கதையையும் சொல்வார். நம் கரைக்கு வந்த பெயர்கள் வேறு வழியில், மரக்கலத்தில் வந்தவை. உப்புக்காற்றுப் பட்டதும் நம் வாய்க்கு ஏற்றபடி மாறிக்கொண்டன. ஷேக் சேகு ஆனார், அமீர் மீரா ஆனார். அது அவர் கட்சி. பிறகு வீட்டுக்கு ஒருவர் துபாய், சவூதி என்று போகத் தொடங்கியதும் பாட்டனார் பெயர்கள் பின்னுக்குப் போயின. பழைய மாணவர்கள் அங்கிருந்தே அவருக்குப் போன் செய்து பிள்ளைக்குப் பெயர் கேட்பார்கள். ஒருவர், "ஊர்ல யாருமே வைக்காத பேரா சொல்லுங்க சார்" என்று கேட்டபோது நான் பக்கத்தில்தான் இருந்தேன். "யாருமே வைக்காததுக்கு ஒரு காரணம் இருக்கும்ல தம்பி? பேரு என்ன பட்டுச்சேலையா, பக்கத்து வீட்ல இல்லாததா பாத்து எடுக்கறதுக்கு?" என்றார். எனக்கு ஒரே சிரிப்பு. என் பக்கம் திரும்பி, "ஒங்க பேரப்புள்ள பேர மொதல்ல நீங்க ஒரு தடவ ஒழுங்கா சொல்லுங்க பாப்போம்" என்று ஒரு போடு போட்டார். அது என் வாயில் நுழையாத பெயர். என் சிரிப்பு நின்றது.

அவர் ஏன் திருமணம் செய்துகொள்ளவில்லை என்று பலரும் பலவிதமாகப் பேசினார்கள். விஷயம் இதுதான். அந்த ஊரில் வீடு பெண் பிள்ளைக்கு. கல்யாணம் ஆனதும் மாப்பிள்ளை போய்ப் பெண் வீட்டில்தான் இருக்க வேண்டும். மகள் உள்ள வீட்டுக்கு மருமகன் வந்துவிடுவார், வீடு நிறைந்திருக்கும். ஒரே மகனை வைத்திருக்கும் தாய் என்ன செய்வாள்? நல்ல இடங்கள் வந்தன. ஒரு வீட்டார், உங்கள் அம்மாவும் எங்களோடு வந்து இருக்கட்டும் என்றுகூடச் சொன்னார்கள். "சம்பந்தி வீட்டுல நான் போயி என்னான்னு உக்காந்திருப்பேன்? நீ போ வாப்பா, நான் இருந்துக்குவேன்" என்றார் அந்த அம்மாள். இவர் போகவில்லை.

எனக்குக் கோபம் வந்துவிட்டது. "ஒரு பேருக்காக யாராச்சும் வாழ்க்கைய விடுவாங்களா சார்?" என்று சத்தம் போட்டேன்.

"பேருக்காக இல்ல சார்" என்றார். "உம்மாவ அந்த வீட்ல தனியா விட்டுட்டு வாசப்படி எறங்க முடியல. பேரு ஒரு சாக்கு. கேக்கறவங்களுக்குச் சொல்றதுக்கு லேசா இருக்கு."

அந்த அம்மாள் நெடுங்காலம் இருந்தார். நாங்கள் ஓய்வு பெற்ற பிறகுதான் போனார். துக்கம் விசாரிக்கப் போன என்னிடம் அனீஸ் சார், "இனி நான் வேல இல்லாத ஆளு சார்" என்றார். அதன் பிறகு, வெளியே கிளம்பினால் பட்டப்பகலிலும் முன்கட்டு விளக்கைப் போட்டுவிட்டுத்தான் கதவைப் பூட்டுவார். மின்சாரத்துக்குப் பிடித்த கேடு என்று நான் கேலி செய்தேன். "திரும்பி வர்றப்ப வீடு இருட்டா இருந்தா உள்ள நொழையப் பிடிக்கல சார்" என்றார்.

பிறகு என் முறை வந்தது. என் மனைவி இறந்து, காரியம் முடிந்து, பிள்ளைகள் அவரவர் ஊருக்குப் போன பின் வீட்டில் நான் மட்டும். முதல் வெள்ளிக்கிழமையே ஜும்ஆ தொழுகை முடித்துவிட்டு அனீஸ் சார் பஸ் ஏறி வந்தார். ஆறுதல் ஏதும் சொல்லவில்லை. மோட்டார் கொட்டகைக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார், நானும் உட்கார்ந்தேன். அடுத்த வெள்ளியும் வந்தார். மழையென்றாலும் வருவார். புயலில் தென்னை எல்லாம் சாய்ந்து ரோடு மறித்துக் கிடந்தபோது, மரங்களைத் தாண்டித் தாண்டி நடந்தே வந்து, என் வீட்டு ஓடு இருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் போனார். "ரெண்டு பேரும் என்னதான் மாமா பேசிக்குவீங்க?" என்று என் மருமகள் போனில் கேட்பாள். உண்மையில் நாங்கள் ஒன்றும் பேசிக்கொள்வதில்லை. வாய்க்காலில் தண்ணீர் போகும், பார்த்துக்கொண்டிருப்போம். பொழுது இறங்கினால் அவர் எழுந்து பஸ்ஸுக்குப் போவார். அந்த வெள்ளிக்கிழமைகள் இல்லாவிட்டால் நான் என்ன ஆகியிருப்பேன் என்று எனக்குத் தெரியாது.

வரப்பிலிருந்தே காதரைத் திரும்ப அழைத்து, "சொந்தம்னு யாரும் இல்ல தம்பி. பேர மட்டும் சொல்லிடுங்க" என்றேன்.

"பேர மட்டும் சொல்ற வழக்கம் இல்லியே அய்யா" என்றார் காதர். பிறகு, "சரி, நீங்க கெளம்பி வாங்க. மத்தியானம் லுஹர் தொழுகைக்கு அப்பறம் அடக்கம்" என்றார்.

பஸ்ஸில் போகும்போது மனம் ஒரு நிலையில் இல்லை. ஊரில் எத்தனையோ பிள்ளைகளுக்குப் பெயர் சொல்லிக் கொடுத்த மனிதர். பெயர் கேட்டவர்களில் பெரும்பாலோர் கடலுக்கு அப்பால். அவருக்கு முன்னால் சொல்ல ஒரு பெயர் இல்லை. நாலு தோளுக்கு ஆள் சேருமா என்பதுகூடச் சந்தேகமாக இருந்தது. இறங்கி, அவருடைய தெருப் பக்கம் நடக்கும்போது ஒலிபெருக்கி கரகரத்தது. டீக்கடையில் பேச்சு நின்றது. காதரின் குரல்தான்.

"நமது தெருவைச் சேர்ந்த மர்ஹூம் முகம்மது மீரான் அவர்களின் மகனும், பட்டுக்கோட்டை தமிழய்யா முருகையன் அவர்களின் சிநேகிதருமாகிய, ஓய்வுபெற்ற ஆசிரியர் அனீஸ் அவர்கள் இன்று காலை மவுத்தாகிவிட்டார்கள்."

மறுபடி ஒருமுறையும் அப்படியே சொன்னார். நான் ரோட்டோரம் நின்றேன். மகன், மருமகன், மச்சான் என்று வருகிற அந்த இடத்தில் என் பெயர்.

டீக்கடையில் ஒரு பெரியவர், "முருகையனா? அது யாருப்பா?" என்று பக்கத்தில் இருந்தவரைக் கேட்டார்.

"நான்தாங்க" என்றேன்.

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். கிளாசை வைத்துவிட்டு வந்து என் கையைப் பிடித்தார். "வாங்க, போவோம்" என்றார். கடையில் இருந்த மற்றவர்களும் எழுந்து கூடவே வந்தார்கள். பெருங்கூட்டம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் தோள் மாற்ற ஆள் இருந்தது. வழிநெடுக மாற்றி மாற்றித் தூக்கினார்கள். என் தோளிலும் கொஞ்ச தூரம் வந்தார்.

மையவாடியில் எல்லாரும் மண் அள்ளிப் போட்டோம். துஆ ஓதி முடிந்ததும் ஒவ்வொருவராக என்னிடம் வந்து கையைப் பிடித்து, அந்த வீட்டு ஆளிடம் சொல்வதுபோல் சொல்லிக்கொண்டு போனார்கள். கடைசியில் காதர் வந்தார்.

"அடக்கம் முடிஞ்சதும் ஒறவுக்காரங்க கொஞ்ச நேரம் கபுருக்குப் பக்கத்துலயே இருந்துட்டு வருவாங்க அய்யா. போனவங்களுக்குப் புது எடம், ஒடனே தனியா விட்டுட்டு வரக்கூடாதும்பாங்க. நீங்க இருக்கீங்களா?"

"இருக்கேன் தம்பி. நீங்க போங்க."

எல்லாரும் போய்விட்டார்கள். ஈர மண்ணுக்குப் பக்கத்தில் தரையிலேயே உட்கார்ந்தேன். கடற்காற்று வந்தது. எனக்கு அவர்கள் ஓதுவதெல்லாம் தெரியாது. பேசாமல் உட்கார்ந்திருப்பது எங்களுக்குப் பழக்கம்தானே.

சார், இன்னும் கொஞ்ச நேரம் இருக்கிறேன். அதற்குப் பிறகு நீங்கள் தனியாகத்தான் இருந்துகொள்ள வேண்டும். நானும் அப்படித்தான்.