சிரைத்த முகத்துடன் நிற்கவும்

வெளிநாடு போகிறவர்களுக்கு வகுப்பு எடுக்கும் ஒரு சின்ன நிறுவனத்தில் அப்போது எனக்கு வேலை. தஞ்சாவூர் ரயிலடிக்குப் பக்கத்தில் மாடியில் இரண்டு அறைகள். விமான நிலையத்தில் எந்த வரிசையில் நிற்பது, எந்தத் தாளை யாரிடம் நீட்டுவது என்றெல்லாம் திரையில் படம் காட்டிச் சொல்லித்தர வேண்டும். அந்த ஸ்லைடுகள் முழுக்க நானே செய்தவை. மஸ்கட்டில் வேலை பார்த்த என் கணவர் போகும்போதும் வரும்போதும் எடுத்து அனுப்பிய படங்களை வைத்து, பல வாரம் உட்கார்ந்து கோத்தேன்.

எங்கள் மேனேஜருக்கு அடுத்தவர் வேலையில் கை வைக்காமல் இருக்க முடியாது. நான் சாப்பிடப் போகிற நேரத்தில் ஸ்லைடுகளைத் திறந்துவிடுவார். திரும்பி வந்து பார்த்தால் எழுத்துகள் சுழன்று சுழன்று வரும். திரையின் குறுக்கே ஒரு விமானம் பறக்கும். பெட்டி எடை போடும் படத்தில், பெட்டிக்குப் பக்கத்தில் டை கட்டிய அவர் படம் இருக்கும். கேட்டால், கொஞ்சம் எடுப்பாக இருக்கட்டுமே என்பார்.

பொறுத்துப் பார்த்துவிட்டு, ஒரு சாயங்காலம் அந்த ஸ்லைடுகளுக்குப் பாஸ்வேர்ட் போட்டேன். யார் வேண்டுமானாலும் திறந்து பார்க்கலாம், மாற்றத்தான் முடியாது. நான் பிறந்த பூதலூரின் பெயரை ஆங்கிலத்தில் அடித்தேன். புள்ளி புள்ளியாக விழுந்தது. மறுபடி அடிக்கச் சொன்னது, அடித்தேன். ஏற்றுக்கொண்டது.

அடுத்த வகுப்பில் குடியேற்ற அதிகாரி பற்றிய ஸ்லைடு வந்தது. ‘அதிகாரி முன் சிரித்த முகத்துடன் நிற்கவும்’ என்று நான் எழுதியிருந்த வரியை, நிறம் மாற்றுகிறேன் என்று அழித்துவிட்டு மேனேஜர் தானே அடித்திருக்கிறார். ‘சிரைத்த முகத்துடன் நிற்கவும்’ என்றிருந்தது. அதைக் கவனிக்காமல் அதற்கும் சேர்த்துப் பூட்டுப் போட்டிருக்கிறேன்.

சவுதிக்குச் சமையல் வேலைக்குப் போகவிருந்த ஒரு பாய் முதல் வரிசையில் இருந்தார். தாடியைத் தடவியபடி எழுந்தார்.

“ஏம்மா, அங்க அந்த அதிகாரியே தாடியோடதானே உக்காந்திருப்பாரு? மொதல்ல அவருக்குச் சொல்லிட்டீங்களா?”

வகுப்பே சிரித்தது. நானும் சிரித்து, எழுத்துப்பிழை என்று விளக்கிவிட்டு, இடைவேளையில் திருத்த உட்கார்ந்தேன். பாஸ்வேர்ட் தவறு என்றது. பெரிய எழுத்தில் அடித்தேன், சின்ன எழுத்தில் அடித்தேன். ஊர்ப் பெயரை ஆங்கிலத்தில் எத்தனை விதமாக எழுத முடியுமோ அத்தனை விதமாகவும் அடித்தேன். பின்னால் நின்ற மேனேஜருக்கு ஏக சந்தோஷம். எதற்கும் தன் பெயரை ஒருமுறை போட்டுப் பார்க்கச் சொன்னார்.

அதற்குப் பிறகு அந்த ஸ்லைடு வரும்போதெல்லாம் நான் திரைக்கு முன்னால் போய், அந்த வார்த்தையைத் தலையால் மறைத்துக்கொண்டு நிற்பது வழக்கமாயிற்று. நாத்தனார் வளைகாப்புக்கு நான் லீவு போட்ட நாளில் மேனேஜர் வகுப்பெடுத்தார். அவர் அடித்த வரி அவர் கண்ணுக்குத் தப்பாகப் படவில்லை. சத்தமாகப் படித்ததோடு நிற்காமல், சுத்தம் முக்கியம் என்று விளக்கமும் கொடுத்திருக்கிறார்.

மறுநாள் திருக்காட்டுப்பள்ளியிலிருந்து வந்துகொண்டிருந்த ஒருவர் மீசையில்லாமல் வந்தார். சிங்கப்பூருக்குக் கட்டட வேலைக்குப் போகிறவர். நல்ல அடர்த்தியான மீசை அவருடையது. கூடவே வெள்ளை வேட்டியில் ஒரு பெரியவர்.

“நான்தாம்மா இவனோட அப்பா,” என்றார். “உசுரோடதான் இருக்கேன். இவன் மொகத்தப் பாத்துட்டு, நான் போயிட்டேன்னு தெருவே துக்கம் விசாரிக்க வந்துருச்சு. ஒருத்தர் என்னை வாசல்ல பாத்ததும் வண்டியைத் திருப்பிக்கிட்டுப் போயிட்டாரு.”

மகன் தலை நிமிரவில்லை. “திரையில போட்டிருந்துச்சுங்க மேடம். சாரும் படிச்சுக் காட்டினாரு.”

மேனேஜர் யாருக்கோ போன் செய்ய வெளியே போனார். பெரியவருக்கு டீ வரவழைத்தேன். அந்த ஒரு வார்த்தையை எடுத்துவிட்டால் போதும், வேறெதுவும் வேண்டாம் என்றார் அவர். நான் செய்த ஸ்லைடை என்னாலேயே தொட முடியவில்லை என்று அவரிடம் எப்படிச் சொல்வது? அவர் டீ குடித்து முடிப்பதற்குள் ஒரு வேலையாவது ஆகட்டும் என்று, அன்று தரவேண்டிய சான்றிதழ்களை அடிக்கத் தொடங்கினேன். முதல் சான்றிதழில் பயிற்சி பெற்றவரின் பெயரை ஆங்கிலத்திலும் தமிழிலும் அடித்துவிட்டு, ஊர்ப் பெயருக்கு வந்தேன். அந்தச் சான்றிதழுக்கு உரியவரும் என்னைப் போலப் பூதலூர்க்காரர். ஆங்கிலத்தில் அடிப்பதாக நினைத்து அடித்தேன். திரையில் ‘புடலுர்’ என்று விழுந்தது.

புடலங்காயின் தங்கை போலிருந்த அந்தச் சொல்லைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்தேன். எங்கள் கம்ப்யூட்டரில் ஒரு பொத்தானைத் தட்டினால் ஆங்கில எழுத்துகள் தமிழாகிவிடும். மறுபடி தட்டினால்தான் ஆங்கிலம் வரும். தட்டாமல் அடித்ததால் Budalur ‘புடலுர்’ ஆகியிருந்தது. பூட்டுப் போட்ட சாயங்காலமும் நான் அதைத் தட்ட மறந்திருக்கிறேன். புள்ளிகளுக்குப் பின்னால் என்ன மொழி என்று யாருக்குத் தெரியும்?

தமிழை அப்படியே வைத்துக்கொண்டு ஸ்லைடைத் திறந்து, பாஸ்வேர்டை அடித்தேன். திறந்துகொண்டது. ‘ரை’யை எடுத்துவிட்டு ‘ரி’யைப் போட்டுப் பெரியவரை அழைத்துக் காட்டினேன். கண்ணாடியை மாட்டிக்கொண்டு எழுத்து எழுத்தாகப் படித்தார். நிம்மதியாகிவிடுவார் என்று நினைத்தேன். அவர் முகத்தில் புதுக்கவலை வந்தது.

“கட்டாயம் சிரிச்சே ஆகணுமாம்மா? இவன் கல்யாணப் படத்துலகூடச் சிரிக்கலையே.”

சொல்லிவிட்டு மகன் பக்கம் திரும்பி, சிரித்துக் காட்டும்படி சொன்னார். அந்த மனிதர் திரையைப் பார்த்தார், அப்பாவைப் பார்த்தார், பிறகு பல்லெல்லாம் தெரிய ஒருமுறை சிரித்தார்.

“போதும்டா,” என்றார் பெரியவர். “அங்க போயி இதுல பாதி சிரி.”