நூறு எண்ணி முடியுமுன்

றஸீனா டீச்சரின் பாலர் வகுப்பில் நாலு வயதுப் பிள்ளைகள் நூறு வரை தடங்கலில்லாமல் எண்ணினார்கள். காத்தான்குடித் தாய்மாருக்கு அதில் பெருமை. காரணம் அவர்களுக்குத் தெரியாது. வயிறு முறுக்கத் தொடங்கினால், "கண்ணப் பொத்திட்டு நூறு எண்ணுங்க, டீச்சர் ஒளிக்கப் போறன்" என்று சொல்லிவிட்டுப் பின்பக்கக் கழிவறைக்கு ஓடுவாள். காலையில் மட்டும் நாலைந்து தடவை. சில நாள் நூறு முடிந்த பின்னும் அவள் வந்திருக்க மாட்டாள். பிள்ளைகள் மறுபடி ஒன்றிலிருந்து தொடங்குவார்கள்.

பெருங்குடலில் அழற்சி. இரண்டு வருடத்துக்கு முன் மலத்தோடு இரத்தம் போனபோது மட்டக்களப்பில் கமரா விட்டுப் பார்த்தார்கள். திரையில் குடலின் உட்சுவர் விழுந்து சிராய்த்த முழங்கால் போலிருந்தது. அன்றிலிருந்து மருந்துக் குளிசைகள். முகம் ஊதி, வடிந்தது. இரத்தம் நின்றது. ஓட்டமும் குறைந்தது.

"வெளியில குறைஞ்சிருக்கு. உள்ளுக்கு ஆறியிருக்கா எண்டு திரும்பப் பாக்கணும்" என்றார் டொக்டர்.

"ஆறல்லெண்டா?"

"மருந்த மாத்தலாம். அதுக்கும் சரிவராட்டி ஒபரேஷன்."

ஒரு நாள் கிளினிக் வாங்கில் காத்திருந்தபோது பக்கத்தில் இருந்த பெண் சேலையை விலக்கி வயிற்றில் ஒட்டியிருந்த, மலம் சேரும் பையைக் காட்டினாள். ஒபரேஷன் என்ற சொல்லைக் கேட்டதும் றஸீனாவுக்கு அந்தப் பை தெரிந்தது. அதோடு எப்படித் தொழுவது, எப்படிப் பிள்ளைகளை மடியில் இருத்துவது.

செய்யவேண்டியதைத் துண்டில் எழுதித் தந்தார்கள். கமராவுக்கு முதல் நாள் சாப்பாடு இல்லை. பகல் இரண்டு மணியிலிருந்து குடலைக் கழுவும் மருந்துத் தூள் கரைத்த தண்ணீர், கால் மணிக்கு ஒரு கிளாஸ். அதன்மேல் வெறும் தண்ணீர், எவ்வளவு ஏலுமோ அவ்வளவு. ஓட்டோ ஓட்டும் அவள் கணவன் உசனார் அந்தத் துண்டைக் குளிர்சாதனப் பெட்டியில் ஒட்டிவைத்தான்.

போன றமழானில் நோயால் முப்பது நோன்பும் விடுபட்டிருந்தன. இருபத்திரண்டைப் பிடித்து முடித்திருந்தாள். மீதி எட்டு. அடுத்த றமழானுக்கு ஐந்து வாரம். எப்படியும் பட்டினிதான், அந்த நாளை ஏன் வீணாக்க வேண்டும்? விடியுமுன், சுபஹுக்கு முன் நோன்புக்கு நிய்யத் வைத்தாள். யாரிடமும் சொல்லவில்லை.

இரண்டு மணிக்கு உசனார் கூஜாவில் மருந்தைக் கரைத்து ஒரு கிளாஸ் நீட்டினான்.

"வைங்க, குடிக்கிறன்."

அவன் ஓட்டோவை எடுத்துக்கொண்டு ஹயருக்குப் போனான். அந்தியில் மஃரிப் பாங்கு சொல்லும்வரை கூஜா அப்படியே இருந்தது. நோன்பு திறக்கக் கை பழக்கத்தில் பேரீச்சம்பழத்துக்குப் போயிற்று. ஒன்று. பிறகு இன்னொன்று. அதற்குப் பின்தான் மருந்தை அவசர அவசரமாகக் குடித்தாள். பாதி வாந்தியாக வந்தது.

மறுநாள் கல்லடிப் பாலத்தில் ஏறும்போது உசனார் கண்ணாடியில் அவளைப் பார்த்தான். மழையில் வாவி நிரம்பிக் கலங்கிக் கிடந்தது.

"ஏலுமா புள்ள? பெற்றோல் செட்டில நிப்பாட்டவா?"

"நிப்பாட்டாம ஓடுங்க."

தாதி மேர்லின் அவளைச் சரித்துப் படுக்கவைத்தாள். "எல்லாம் குடிச்சீங்களா?"

"ஓம் மிஸ்."

"ரெண்டு மணியிலிருந்தே?"

"ஓம்."

மயக்கம் லேசாகத்தான் கொடுத்தார்கள். திரையில் முதலில் இளஞ்சிவப்பு வந்தது. பிறகு மண்ணிறக் கலங்கல். டொக்டர் தண்ணீர் பாய்ச்சினார், உறிஞ்சினார், மறுபடி பாய்ச்சினார். சுவரில் கறுத்த தோலொன்று ஒட்டிக்கிடந்தது.

"இது என்ன?"

மேர்லின் திரைக்குக் குனிந்தாள். "ஈத்தம்பழத் தோல் மாதிரி இருக்கு டொக்டர்."

"நேத்துச் சாப்பிட்டீங்களா?"

"ரெண்டு" என்றாள் றஸீனா. "நோன்பு திறக்க."

"நேத்து என்ன நோன்பு?"

"போன வருசத்து நோன்பு."

மேர்லின் சிரிப்பை அடக்கினாள். டொக்டர் சிரிக்கவில்லை. "கீழ்ப்பகுதி ஆறியிருக்கு. அதுக்கு மேல ஒண்டும் தெரியல்ல. பெரிய புண் இருந்ததே மேலதான். திரும்ப வரணும்."

மேர்லின் கொப்பியைப் புரட்டினாள். "மார்ச் பதினெட்டு."

"அது நோன்புக்குள்ள, மிஸ்."

"அத விட்டா ஜூன்."

மார்ச்சையே எடுத்தாள்.

வரும் வழியில் உசனாரிடம் சொன்னாள். அவன் ஓட்டோவை ஓரத்தில் நிறுத்தினான். "நோயாளிக்கு அல்லாஹ்வே விட்டுக் குடுத்திருக்கான். நீ என்னத்துக்குப் பிடிச்ச?"

அடுத்த வாரங்களில் அவள் திரையில் காணாத பகுதியையே நினைத்துக்கொண்டிருந்தாள். கழிவறைக்குப் போகும் ஒவ்வொரு தடவையும் இரத்தமா என்று குனிந்து பார்த்தாள். கீரையின் நிறம், பீற்றூட்டின் நிறம். பீற்றூட் சமைப்பதை நிறுத்தினாள்.

மார்ச் பதினேழு. ஊர் முழுக்க நோன்பு. குசினி யன்னலைச் சாத்திவிட்டு இரண்டு மணிக்கு முதல் கிளாஸை எடுத்தாள். உசனார் ஹயருக்குப் போகவில்லை. காய்ந்த உதடுகளோடு, கையில் போனுடன் வாசலில் நின்று நேரம் சொன்னான்.

"அடுத்தது, டீச்சர்."

"நீங்க பாத்துக்கு நிக்க எனக்கு இறங்குதில்ல."

"அப்ப நான் சுவரப் பாக்கன்."

திரும்பிச் சுவரைப் பார்த்து நின்றான். அவள் குடித்தாள். அப்படியே பதினாறு கிளாஸ்.

மறுநாள் கமரா உள்ளே போனபோது வாய்க்குள் எண்ணத் தொடங்கினாள். திரை சுத்தமாக இருந்தது. இலையில் ஓடுவது போல மெல்லிய நரம்புகள் தெரிந்தன. அறுபத்திரண்டில் டொக்டர் நிறுத்தினார். போன தடவை தெரியாமல் போன அதே இடம். அவர் கம்பியை விட்டு ஒரு துண்டு கிள்ளினார். இன்னொன்று. அவள் எண்ணுவது அறுபத்திரண்டிலேயே நின்றுவிட்டது.

"பழைய தழும்பு" என்றார். "புண் இல்ல."

"ஒபரேஷன்?"

"இப்ப அந்தக் கதை வேணாம். துண்டு சோதனைக்குப் போகுது, றிப்போட் வரட்டும். நல்லாயிருக்கெண்டு குளிசைய விட்டுடாதீங்க. புண் சத்தமில்லாமத் திரும்பி வரும்."

ஓட்டோவில் ஏறியதும், "ரெண்டு நாள் நோன்பு போச்சு. பழைய பாக்கி ஏழும் கிடக்கு" என்றாள்.

"கமராவுக்கு முதல் நாள் மட்டும் பிடிச்சிராத தாயே" என்றான் உசனார்.

பெருநாள் முடிந்து வகுப்புத் தொடங்கியது. றிப்போட் இன்னும் வரவில்லை. முதல் நாளே பிள்ளைகள் தாமாகக் கண்களைப் பொத்திக்கொண்டு எண்ணத் தொடங்கினார்கள். அவள் வயிற்றில் கையை வைத்தபடி கதிரையில் இருந்தாள். முப்பதில் லேசாக ஏதோ அசைந்தது. எழும்பப் பார்த்தாள். அடங்கிவிட்டது. எழுபது. தொண்ணூறு.

நூறில் எல்லோரும் கண் திறந்தார்கள். முன்னால் இருந்த அஸ்மியாவுக்கு அழுகை வரப் பார்த்தது.

"டீச்சர், நீங்க ஒளிக்கவே இல்லயே."