மூன்றாவது அடி

நம்பாதவர்கள் என் தம்பியின் இடது பக்கம் நின்று கூப்பிட்டுப் பாருங்கள். திரும்ப மாட்டான். அந்தக் காது போன நாளில் நான் அங்கேதான் இருந்தேன், கண்ணாடிக்கு இந்தப் பக்கம். நடந்தது பட்டப்பகலில். இதில் ஒரு வரிகூட நான் கூட்டிச் சொல்லவில்லை.

படங்களுக்குச் சத்தம் கொடுப்பது எங்கள் தொழில். திரையில் ஒருவன் நடந்தால் இங்கே நான் நடப்பேன். அவன் விரல் முறிந்தால் கேரட்டை முறிப்பேன். ‘சத்தம் போடாதேடி’ என்று அம்மா திட்டித் திட்டி வளர்த்த பெண், சத்தம் போட்டே குடும்பம் நடத்துகிறேன். நான் பதிவறைக்குள் இருப்பேன். கண்ணாடிக்கு வெளியே கருவிகளோடு தம்பி. அந்த வாரம் என் மணிக்கட்டு சுளுக்கிக்கொண்டதால் இடம் மாறிக்கொண்டோம்.

வந்திருந்த வேலை ஒரு கற்பனை நாட்டுத் தொடர். அந்த நாட்டு மக்கள் தங்கள் சாமியைத் தாங்களே அடித்துக் கொன்றவர்கள். மூன்றே அடி. அதிலிருந்து மூன்றாவது அடியின் சத்தம் அவர்கள் மதத்தில் ஆகாது. கதவை இரண்டு முறைதான் தட்டுவார்கள். இரண்டு அடியில் இறங்காத ஆணியைப் பிடுங்கி எறிந்துவிடுவார்கள். மூன்றாவது கேட்டால் சாமி எழுந்து, வாங்கியதைத் திருப்பிக் கொடுக்குமாம்.

எல்லாம் இயக்குநர் உட்கார்ந்து யோசித்தது. அதனால் சாமி சாகும் காட்சியில் மூன்றாவது அடிக்குச் சத்தமே கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். நாங்களும் விட்டுவிட்டோம். ஆனால் சேனலில் இருந்து காட்சி திரும்பி வந்தது. ‘சத்தம் விடுபட்டிருக்கிறது’ என்று. எங்கள் தொழிலில் இதைவிட மானக்கேடு கிடையாது. தம்பிக்கு முகம் சுண்டிப்போனது.

மதியம் இயக்குநரே போன் செய்தார். இருவருக்கும் கேட்கிற மாதிரி வைத்தேன்.

“சேனல்ல விட மாட்டேங்கறாங்கம்மா. அந்த மூணாவதையும் போட்டுடுங்க. நான் கார்ல வந்துட்டே இருக்கேன். லைனை வெட்டாதீங்க, இப்படியே கேட்டுக்கறேன்.”

“உங்க சாமி கோவிச்சுக்காதா சார்?” என்றான் தம்பி.

“நான் எழுதின சாமிதானேப்பா!” சிரித்தார்.

மூன்றாவதை மட்டும் பதிந்தால் போதும் என்றேன். தம்பி கேட்கவில்லை. “தனியா அடிச்சா ஒட்டாதுக்கா. மூணையும் ஒரே மூச்சுல அடிச்சாத்தான் ஒரே ஆள் அடிச்ச மாதிரி இருக்கும்” என்றான். வேலையில் அவன் அப்படித்தான்.

தர்பூசணியை ஈரமான ஆட்டுத்தோலில் சுற்றி மேசைமேல் வைத்தான். கையில் உருட்டுக்கட்டை. நான் போனை ஸ்பீக்கர் அருகில் வைத்துவிட்டு ஹெட்போனை மாட்டினேன். பதிவு ஓட ஆரம்பித்தது.

தொப்.

ஒலி அளவு காட்டும் முள் துள்ளியது.

தொப்.

மறுபடி துள்ளியது. மூன்றாவது அடியில் பழம் வெடித்து, அவன் சட்டையெல்லாம் சிவப்பாகத் தெறித்தது. ஆனால்...

சத்தம் வரவில்லை. முள் அசையவே இல்லை.

“டேய், பதிவாகல.”

“நல்லாத்தானேக்கா அடிச்சேன்?”

அவன் குரல் தெளிவாக வந்தது. மைக்கில் கோளாறு இல்லை.

அப்போதுதான் அந்த மூச்சு கேட்டது. நீளமாக... ஈரமாக... மைக்கை ஒட்டி. அவனுடையது என்றுதான் நினைத்தேன். ஆனால் அவன் உதட்டை இறுக்கி மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றான். பதிவின்போது அவன் எப்போதும் அப்படித்தான்.

“உள்ள யாருடா?”

“நான் மட்டும்தான்... ஏன்க்கா?”

தொப்.

சத்தம் முதலில் வந்தது. அதற்கப்புறம்தான் அவன் தலை திரும்பியது. ஒலி முன்னால் ஓடி, படம் பின்னால் வருகிற மாதிரி. இடது காதிலிருந்து ரத்தம் பீறிட்டுக் கண்ணாடியில் அடித்தது. தாடை ஒரு பக்கமாகத் தொங்கியது.

அவன் எதிரில் யாரும் இல்லை. உருட்டுக்கட்டை அவன் கையிலேயே இருந்தது.

ஹெட்போனைப் பிடுங்கி எறிந்துவிட்டு ஓடினேன். சத்தம் புகாமல் இருக்க எங்கள் அறைக்கு இரண்டு கதவு. இரண்டும் இழுத்துத் திறக்க வேண்டிய கனமான கதவுகள். முதல் கதவில் தொங்கிக்கொண்டே கண்ணாடி வழியாகப் பார்த்தேன்.

இரண்டாவது அடி விழுந்தது. எனக்கு எதுவும் கேட்கவில்லை. ஊமைப்படம் மாதிரி... அவன் கால்கள் தரையை விட்டு எழும்பின. சட்டைக்குள் விலாப்பக்கம் குழிந்து உள்ளே போனது. சுவரில் மோதி விழுந்தான்.

முதல் கதவு திறந்தது.

இரண்டாவது கதவு...

வரவில்லை.

காலைச் சுவரில் உதைத்து இழுத்தேன். வந்தது. ஓடிப்போய் அவன்மேல் விழுந்தேன். அவன் தலையை என் நெஞ்சுக்கடியில் அழுத்திக்கொண்டேன்.

“அக்கா... இன்னொண்ணு... இருக்கு...” என்று குழறினான்.

தெரியும்.

என் பிடரிக்கு மேலே மூச்சு.

கண்ணை மூடிக்கொண்டேன். நான் செத்தாலும் பரவாயில்லை, இவன் பிழைத்தால் போதும் என்றுதான் தோன்றியது.

ஒன்றும் விழவில்லை.

மேசையிலிருந்து தர்பூசணிச் சாறு சொட்டிக்கொண்டிருந்தது. மூச்சு நின்றிருந்தது.

ஆம்புலன்சைக் கூப்பிட வெளியே ஓடி வந்து போனை எடுத்தேன். இயக்குநர் இன்னும் லைனில் இருந்தார். “சார்! சார்!” என்று கத்தினேன். பதில் இல்லை. கார் திரும்பும்போது இண்டிகேட்டர் போடும் சத்தம் மட்டும் கேட்டது. டிக்... டிக்... டிக்... லைனை வெட்டினேன்.

தம்பிக்கு நாலு விலா எலும்பு, தாடை, ஒரு காது. “யாரும்மா இப்படி அடிச்சது?” என்று டாக்டர் கேட்டார். உயிர் தப்பியதே என்று அழுதேன்.

சாயங்காலம் போலீஸ்காரர் ஒருவர் ஆஸ்பத்திரிக்கே வந்தார். தம்பியைப் பற்றி விசாரிக்கத்தான் என்று நினைத்தேன். அவர் வந்தது வேறு விஷயமாக.

எங்கள் தெரு முனையில் இயக்குநரின் கார் நின்றிருக்கிறது. எல்லாக் கதவும் உள்ளிருந்து பூட்டியபடி. கண்ணாடியில் ஒரு கீறல்கூட இல்லை. இண்டிகேட்டர் மட்டும் எரிந்து எரிந்து அணைந்திருக்கிறது. உள்ளே அவருடைய தலை இருந்த இடத்தில் தலை என்று சொல்ல எதுவும் இல்லை. அவர் கடைசியாகப் பேசிய நம்பர் எங்களுடையது.

பதிவு நிறுத்தப்படாமலே ஓடியிருந்தது. போலீஸ்காரரும் நானும் பதிவறைக்குப் போய்ப் போட்டுக் கேட்டோம். தம்பி அடித்த இரண்டு. அவன் வாங்கிய இரண்டு. நான் சுவரை உதைப்பது. நான் அவன்மேல் விழுவது. ‘இன்னொண்ணு இருக்கு.’

பிறகு அது. இத்தனை வருடத் தொழிலில் நான் கேட்டதிலேயே பெரிய அடி. எங்கள் அறையில், எங்கள் மைக்கில் பதிவாகியிருந்தது. நான் அவன்மேல் படுத்திருந்த அந்த நேரத்தில். அதன் பின்னணியில், அந்த அறையில் இருக்கவே முடியாத ஒரு சத்தம்.

டிக்... டிக்... டிக்...

போலீஸ்காரர் பதிவை நிறுத்தச் சொன்னார்.

“டைரக்டர் மேல விழுந்தது ஒரே ஒரு அடிதான்மா” என்றார். “ஒரே அடியில ஒரு ஆளை இப்படிப் பண்ண முடியுமா?”

அது மூன்றாவது அடி. முதல் இரண்டையும் என் தம்பி வாங்கியிருந்தான்.