புவனாவின் கத்தரிப்பூச் சேலை

புவனாவுக்கு வந்த வேடத்தை நான் எடுத்துக்கொண்டேன். தெரிந்தே எடுத்துக்கொண்டேன். அதன்பிறகு பதினாறு வருடங்கள் அவளோடு பழகினேன், அவள் அவித்த பிட்டைச் சாப்பிட்டேன், கடைசியில் அவள் கட்டிலருகே கதிரை போட்டு உட்கார்ந்திருந்தேன்... ஒருநாளாவது சொன்னேனா? சொல்லவில்லை. இப்போது அவள் இல்லை. அதனால் முன்பின் தெரியாத உங்களிடம் சொல்கிறேன்.

நீங்கள் என்னைப் பார்த்திருக்கக் கூடும். பிரித்தானியாவில் ஓடிய ஒரு தொலைக்காட்சித் தொடரில் தெருமுனைக் கடை ஒன்று வரும். அந்தக் கடைக்காரி மீனா நான்தான். ஏழு வருடங்கள் பாலும் பத்திரிகையும் விற்றேன். யாழ்ப்பாணத்தில் பிறந்த என்னைக் குஜராத்திப் பெண்ணாக்கினார்கள். தலையை ஆட்டி ஆட்டிப் பேசச் சொன்னார்கள், ஆட்டினேன். அந்தத் தெருவில் மற்ற எல்லோருக்கும் காதல் வந்தது, விவாகரத்து வந்தது, ஒருத்தியின் வீடு எரிந்தே போனது. எனக்கு வாடிக்கையாளர்கள் வந்தார்கள்!

சிரிக்காதீர்கள். அந்த வேடம் எனக்கு எவ்வளவு பெரியது என்று உங்களுக்குத் தெரியாது. லண்டன் பஸ்ஸில் ஏறினால் நாலு பேர் திரும்பிப் பார்ப்பார்கள். பெயரே சரியாகச் சொல்லப்படாத ஊரில், ஆட்கள் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். அந்தப் பார்வை புவனாவுக்கு உரியது.

எப்படி என்று சொல்லிவிடுகிறேன்.

எழுபதுகளின் கடைசியில் நாங்கள் இருவரும் லண்டனில் தாதிப் பயிற்சிக்கு வந்தவர்கள். ஒரே விடுதி, ஒரே அறை. ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் ஆட்களின் சங்கம் ஒன்றில் ஒரு மாஸ்ரரிடம் நாடகம் பழகுவோம். ஒருமுறை ஆங்கிலத்திலேயே ஒரு நாடகம் போட்டார்கள். அதில் மகனைப் பறிகொடுத்த தாயாகப் புவனா நடித்தாள், தன் கத்தரிப்பூ நிறக் கைத்தறிச் சேலையைக் கட்டிக்கொண்டு. நான் திரைக்குப் பின்னால் வசனம் எழுதிய கொப்பியும் கையுமாக நின்று வசனம் எடுத்துக்கொடுத்தேன். புவனாவுக்கு அது தேவைப்படவில்லை. அவள் மேடையில் அழவே இல்லை. மகனின் சட்டையை மடித்து வைத்தாள், அவ்வளவுதான். சபையில் இருந்தவர்கள் அழுதார்கள். நான்... நான் திரையைப் பிடித்தபடி வயிறெரிந்துகொண்டு நின்றேன்.

மூன்று நாள் கழித்து விடுதியின் மாடிப்படிக்குக் கீழே இருந்த தொலைபேசி அடித்தது. புவனா வார்ட்டில் வேலைக்கு நின்றாள். நான்தான் எடுத்தேன். தொலைக்காட்சி நிறுவனத்தில் இருந்து ஒரு பெண். சனிக்கிழமை நாடகத்தைப் பார்த்தேன், தாயாக நடித்தவருடன் பேச வேண்டும் என்றாள்.

அந்தத் தாய் நான்தான் என்று சொன்னேன்.

யோசித்துச் சொன்னேனா, வாய் தவறி வந்ததா? எத்தனையோ வருடம் இந்தக் கேள்வியைப் புரட்டிப் புரட்டிப் பார்த்துவிட்டேன். வாய் தவறியது என்று வைத்துக்கொள்வோம். அப்படியானால் அடுத்தநாள் ஏன் புவனாவிடம் போய், ஒரு கல்யாண வீட்டுக்குப் போக வேண்டும், உன் கத்தரிப்பூச் சேலையைக் கொஞ்சம் தா என்று கேட்டேன்? அது வாய் தவறிய வேலையா?

அவள் தந்தாள். கொசுவத்தையும் அவளே பிடித்துவிட்டாள்.

அந்தத் தொலைக்காட்சிப் பெண் என்னைக் கண்டதும் ஒரு கணம் தயங்கினாள். மேடையில் இன்னும் உயரமாகத் தெரிந்தீர்களே என்றாள். பிறகு சேலையைப் பார்த்தாள், முகம் மலர்ந்தது. ஓ, அதே சேலை என்றாள். முகம் அவளுக்கு நினைவில்லை. எங்கள் முகங்கள் எல்லாம் அவளுக்கு ஒன்றுதான் என்பதை நான் முன்கூட்டியே கணக்குப் போட்டிருந்தேன். வெள்ளைக்காரர் எங்களுக்குச் செய்யும் அவமானத்தை நான் என் தோழிக்கு எதிராகப் பாவித்தேன். வெட்கமாக இருக்கிறது... ஆனால் அன்றைக்கு வெட்கமாக இருக்கவில்லை. அதையும் சொல்லத்தானே வேண்டும்!

வேடம் கிடைத்ததும் புவனாவிடம் வேறு கதை சொன்னேன். பத்திரிகையில் விளம்பரம் பார்த்துப் போனேன் என்றேன். அவள் என்னைக் கட்டிப்பிடித்தாள். அந்தச் சேலை உனக்கு ராசி, நீயே வைத்துக்கொள் என்றாள். தொடரில் தீபாவளி, விருந்து என்று ஏதாவது வந்தால் அதைத்தான் கட்டினேன்.

ஏழாம் வருடம் மீனாவுக்கும் ஒரு கதை தாருங்கள் என்று தயாரிப்பாளரிடம் கேட்டேன். தந்தார்கள். கணவனின் தம்பி கடையைத் தன் பெயருக்கு எழுதி எடுத்துவிடுகிறான், மீனா பெட்டியோடு டாக்சியில் ஏறிப் போகிறாள். கையசைக்க ஒருவரும் வெளியே வருவதில்லை. அடுத்த வாரம் முதல் அந்தத் தெருவில் யாரும் அவள் பெயரைச் சொல்லவில்லை. அதற்குப் பிறகு எனக்குக் கிடைத்ததெல்லாம் டாக்டரின் அறை வாசலில் காத்திருக்கும் பெண், பிறகு வசனமே இல்லாமல் காத்திருக்கும் பெண். ஒரு கல்யாணமும் நடந்து முடிந்தது. முடிந்தது என்றால் முடிந்தேவிட்டது.

அப்போதுதான் புவனாவின் கடிதம் வந்தது. தொடர் தொடங்கிய மறுவருடமே அவள் கல்யாணமாகி ரொறன்ரோவுக்குப் போய்விட்டிருந்தாள். புருஷன் மாரடைப்பில் போய்விட்டார், அவருடைய முதல் தாரத்து மகளாக வந்து நான் வளர்த்த தர்சினியும் வேலை கிடைத்து விட்பி நகரத்துக்குப் போய்விட்டாள், இங்கே எனக்கும் ஆள் இல்லை, அங்கே உனக்கும் ஆள் இல்லை, வா என்று எழுதியிருந்தாள். படிவங்கள்கூட அவளேதான் நிரப்பி அனுப்பினாள். தொண்ணூற்றொன்றில் வந்து இறங்கினேன். ஸ்காபரோவில் அவள் இருந்த கட்டடத்திலேயே நாலாம் மாடியில் எனக்கு ஓர் அறை பார்த்து வைத்திருந்தாள். அவள் பதினோராம் மாடி.

வந்த பிறகுதான் ஒரு விசித்திரம் தெரிந்தது. கனடாவில் அந்தத் தொடர் ஒன்பது வருடம் பிந்தி ஓடிக்கொண்டிருந்தது! லண்டனில் என்றோ டாக்சி ஏறிப் போன மீனா, இங்கே இன்னும் கடையைத் திறந்து பால் விற்றுக்கொண்டிருந்தாள். எனக்குத் தலை நரைத்துவிட்டது, அவளுக்கு நரைக்கவில்லை.

எனக்குக் கிடைத்த வேலை என்ன தெரியுமா? கோப்பிக் கடையில், கவுண்டருக்குப் பின்னால்! பிடித்து நடக்கும் தள்ளுவண்டியோடு வரும் ஒரு வெள்ளைக்காரக் கிழவி என்னை அடையாளம் கண்டுவிட்டாள். ஒவ்வொரு நாளும் கோப்பியை வாங்கிக்கொண்டு, குரலைத் தாழ்த்தி, உன் கணவனின் தம்பியை நம்பாதே, அவன் பார்வை சரியில்லை என்று எச்சரிப்பாள். நன்றி, கவனமாக இருக்கிறேன் என்பேன். வேறு யாரும் என்மேல் அவ்வளவு அக்கறை காட்டவில்லை, புவனாவைத் தவிர.

மாலை ஐந்தரைக்குத் தொடர். வேலை முடிந்து நேரே பதினோராம் மாடிக்குப் போவேன். பிட்டும் முட்டைப் பொரியலும் மேசையில் இருக்கும். அடுத்து என்ன வரும் என்று நான் வாயெடுத்தால் அவள் இரண்டு காதையும் பொத்திக்கொள்வாள். "சொல்லிப்போடாதை" என்பாள். வீட்டுக்கு யாராவது வந்திருக்கும் நாளில் மீனா கத்தரிப்பூச் சேலையோடு வந்துவிட்டால் போதும். "உது என்ரை சீலை" என்று திரையைத் தொட்டுக் காட்டுவாள். அவள் சொன்னது எவ்வளவு உண்மை என்று அந்த அறையில் எனக்கு மட்டும்தான் தெரியும். நான் பிட்டைப் பிசைந்துகொண்டு குனிந்திருப்பேன்.

நீங்கள் கேட்பீர்கள், நாலு வருடம் இருந்ததே, அப்போது சொல்லியிருக்கலாமே என்று. சொல்லியிருக்கலாம். லிப்ற்றில் மேலே போகும்போது சொல்ல வேண்டியதை ஒழுங்குபடுத்திக்கொண்டே போவேன். ஒன்பதாம் மாடி வரைக்கும் துணிவு இருக்கும். கதவு திறந்து, வாடி என்று அவள் சொன்னதும் பயம் வந்துவிடும். உலகத்தில் எனக்காகத் திறந்த கதவு அது ஒன்றுதான்... அதையும் நானே அடித்துச் சாத்துவதா?

பிறகு அவளுக்கு வயிற்றில் புற்றுநோய் என்றார்கள். மூன்று மாதம். எத்தனையோ பேருக்குப் பணிவிடை செய்தவளுக்கு அதன் போக்கு யாரும் சொல்லாமலே தெரியும்.

ஆஸ்பத்திரியில் கட்டிலுக்கு மேலே ஓர் இரும்புக் கையில் சின்னத் தொலைக்காட்சி தொங்கும். ஒரு மாலை, தொடர் தொடங்க இன்னும் கொஞ்ச நேரம் இருந்தது. வெளியே பனி உருகிச் சேறாகிக் கிடந்தது. புவனா என் கையைப் பிடித்தாள்.

"எடி ராஜி, இனி முடிவைச் சொல்லு. அது வாற வரைக்கும் நான் இருக்கமாட்டன்."

காதைப் பொத்துகிறவள் கேட்கிறாள். நான் பதில் சொல்வதற்குள் அவளே தொடர்ந்தாள், ஏதோ பழைய பகிடி ஒன்றைச் சொல்வது போல.

"அந்த நாடகம் முடிய, ரீவியிலை இருந்து ஒரு மனிசி எங்கடை ஹொஸ்டல் நம்பரை வாங்கினதெண்டு மாஸ்ரர் எனக்குச் சொன்னவர். நான் உனக்குச் சொல்லேல்லை, வெக்கத்திலை. வேலை இல்லாத நேரமெல்லாம் அந்தப் போனுக்குப் பக்கத்திலை, படியிலை இருந்தனான். உனக்கு ஞாபகமே?"

ஞாபகம் இருந்தது. மடியில் ஒரு புத்தகத்தோடு அவள் அந்தப் படியில் இருந்ததை ஒரு வாரம் முழுக்கக் கண்டிருக்கிறேன். ஏன் இங்கே இருக்கிறாய் என்று நான் கேட்கவில்லை. கேட்கப் பயமாக இருந்தது. அவளைத் தாண்டித்தான் மேலே போனேன், கீழே வந்தேன்.

"இல்லை" என்றேன்.

"ஒருத்தரும் எடுக்கேல்லை. அப்பதான் எனக்கு விளங்கினது, நடிப்பு எனக்கு வராதெண்டு. மாஸ்ரர் எத்தினை தரம் கேட்டவர், பிறகு நான் மேடையிலை ஏறவே இல்லை. நீ ரீவியிலை வரேக்கை மனசுக்கு நிம்மதியாக் கிடந்தது. வரவேண்டிய ஆளுக்குத்தானே வந்திருக்கு எண்டு."

ஐயோ!

நான் ஒரு வேடத்தைத்தான் எடுத்தேன் என்று அதுவரை நினைத்திருந்தேன். அந்தச் சட்டையை மடித்த கைகள் பிறகு ஏன் மேடை ஏறவில்லை என்று ஒருநாளும் யோசித்ததில்லை. கல்யாணம், பிள்ளை, வேலை என்று நானே காரணம் சொல்லி வைத்திருந்தேன். தனக்கு ஒன்றும் வராது என்று அவள் பதினாறு வருடம் நம்பியிருக்கிறாள். அந்த நம்பிக்கையோடுதான் என்னைப் பார்த்துப் பெருமைப்பட்டிருக்கிறாள்.

அந்த இடத்தில் வாயைத் திறந்திருக்க வேண்டும். உன்னைத்தான் கேட்டார்கள் புவனா, உன்னைத்தான்... இவ்வளவுதான் சொல்ல வேண்டியது. அவள் என்னைக் காறித் துப்பியிருக்கலாம். துப்பினாலும், தான் யார் என்று தெரிந்துகொண்டு போயிருப்பாளே!

நான் என்ன சொன்னேன் தெரியுமா? முடிவைச் சொன்னேன். அதுவும் பொய் முடிவு. மீனா விடமாட்டாள், கடையை மீட்டு எடுப்பாள், பெயர்ப்பலகையில் தன் பெயரையே எழுதுவிப்பாள், தெருவே கூடி நின்று கைதட்டும் என்றேன். புவனா கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள்.

"அண்டைக்கு என்ன சீலை?"

"உன்ரை சீலைதான்" என்றேன். அது ஒன்றுதான் உண்மை.

அவள் சிரித்தாள். மேலே தொடரின் இசை தொடங்கியது. ஒன்பது நாளில் போய்விட்டாள்.

மீனா வரும் கடைசி அத்தியாயம் போன வாரம்தான் இங்கே வந்தது. என் அறையில் தனியாக இருந்து பார்த்தேன். மீனா கத்தரிப்பூச் சேலையோடு டாக்சியில் ஏறுகிறாள். கதவைச் சாத்தும்போது முந்தானையின் நுனி வெளியே அகப்பட்டுக்கொள்கிறது. படப்பிடிப்பில் அது தற்செயலாக நடந்தது. இன்னொரு தடவை எடுப்பார்கள் என்று காரிலேயே காத்திருந்தேன், எடுக்கவில்லை. மழைத் தெருவில் முந்தானை இழுபட்டுக்கொண்டு போகிறது. அடுத்தநாள் கோப்பிக் கடையில் அந்தக் கிழவி, எங்கே போனாய், திரும்பி வருவாயா என்று கண்ணைத் துடைத்துக்கொண்டு கேட்டாள்.

நேற்றுத் தர்சினி தொலைபேசி எடுத்தாள். அவளும் பார்த்திருக்கிறாள். அம்மாவிடம் நான் சொன்ன முடிவை அம்மா அவளுக்கும் சொல்லியிருந்தாளாம்.

"அன்ரி, ஐ நோ நீங்கள் ஏன் அப்பிடிச் சொன்னீங்கள் எண்டு. அம்மா ஹாப்பியாப் போனவ. தாங்ஸ் அன்ரி."

எனக்கு நன்றி சொல்கிறாள்! கதையில் ஒரு பொய் சொன்னதற்கு நன்றி... மற்றதற்கு என்ன சொல்வாள்?

பிறகு கொஞ்சம் தயங்கி, அந்தச் சேலை இன்னும் என்னிடம் இருக்கிறதா, இருந்தால் அம்மாவின் நினைவாகத் தனக்குத் தர முடியுமா என்று கேட்டாள். இருக்கிறது, வந்து எடுத்துக்கொள் என்றேன். நாளை வேலை முடிந்து விட்பியிலிருந்து காரில் வருகிறாள்.

இப்போதுதான் சேலையை இஸ்திரிப்பெட்டியால் மினுக்கி மடித்து மேசையில் வைத்தேன். டாக்சிக் கதவின் கறள் பட்ட துருக்கறை முந்தானை நுனியில் இன்னும் போகவில்லை. தாய் என்னவெல்லாம் ஆகியிருப்பாள் என்று தெரிந்துகொள்ள அந்தப் பிள்ளைக்கு உரிமை இருக்கிறது. அதைச் சொல்ல என்னைவிட்டால் உலகத்தில் வேறு ஆள் இல்லை. இதையெல்லாம் உங்களுக்கு எழுதியதுகூட, நாளைக்குப் பேச ஒரு பழக்கம் வரட்டும் என்றுதான்.

ஆனால் எனக்கு என்னைத் தெரியும். அவள் வருவாள், தாய் வாடி என்று கூப்பிட்டது போலவே அன்ரி என்று கூப்பிடுவாள். நான் தேத்தண்ணி ஊற்றிக் கொடுப்பேன். சேலையை மட்டும் கொடுத்து அனுப்புவேன்.