ஊமைப் படத்துக்குக் குரல் கொடுத்த என் தம்பி

எனக்கு எழுபத்தெட்டு வயது. நான்கு பேரை வளர்த்தேன். மூன்று பேர் என் வயிற்றில் பிறந்தவர்கள். அவர்களுக்கும் மூத்தது என் தம்பி.

திருவேற்காட்டில் பிறந்த தம்பிக்கு ஆறு வயதிலேயே அம்மா போய்விட்டார். நான் இரண்டாம் வகுப்போடு நின்றவள். தம்பியை ஐ.டி.ஐ. வரை படிக்க வைத்தேன். ஆவடி ஃபாக்டரியில் ஃபிட்டராக இருந்து நல்ல பெயரோடு ஓய்வு பெற்றார்.

அதன் பிறகு, வேலைப் பயிற்சிக்கு ஜப்பான் போன அவர் மகன் பழைய சாமுராய் படங்கள் கொண்டுவந்தான். நூறு வருடத்துக்கு முந்தைய ஊமைப் படங்கள். ஒரு வாள்வீரன், சுற்றிலும் கயிறும் ஏணியுமாகச் சேவகர்கள். அந்தக் காலத்தில் அந்த ஊர்க் கொட்டகையில் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று எல்லாருக்காகவும் பேசுவாராம். தம்பி அந்த வேலையை எடுத்துக்கொண்டார்.

ஞாயிறு சாயங்காலம் எங்கள் ஹாலில் கூட்டம். முதல் நாள் எதிர்வீட்டுக்காரர் எழுந்துபோய் டிவி ஒயரை ஆட்டிப் பார்த்தார்.

"இன்னா அண்ணாத்தே, ஸ்பீக்கர் பூட்சா?"

"குந்து மாமே, ஸ்பீக்கரே நான்தான்" என்றார் தம்பி.

மகன் தமிழில் எழுதித் தந்த கதையைப் பத்துத் தடவை படித்துவிட்டுத்தான் பேசுவார். சொந்தமாக ஒன்றும் சேர்க்கமாட்டார். நடுவில் ஜப்பான் எழுத்து வரும். படித்தவர்களுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. அந்த ஹாலில் நான் யாருக்கும் குறைந்தவள் இல்லை.

வீரனைக் கட்டி இழுத்துப்போகும் கடைசிக் காட்சியில் மட்டும் வாய் திறக்கமாட்டார். "அங்க நம்ம பேச்சு வேணாக்கா" என்பார்.

பிறகு தொண்டையில் ஆபரேஷன். குரல் போய்விட்டது. டிவியைத் துணி போட்டு மூடிவிட்டார். சோறும் குறைந்துவிட்டது. இரண்டு மாதம் பார்த்தேன்.

"போடுடா தம்பி, நான் சொல்றேன்."

வேண்டாமென்று தலையாட்டினார். நானே எல்லாரையும் கூப்பிட்டுவிட்டேன்.

அவர் சொல்லிக் கேட்டுக் கேட்டு மனதில் நின்றதைப் பேசினேன். கிழவர் ஒருவரை வீரனுடைய அப்பா என்று சொல்லிவிட்டேன். தம்பி நாற்காலியைத் தட்டினார். "ஐயோ, அப்பா இல்லீங்கோ, வாத்தியாரு" என்று திருத்தினேன். ஒரே சிரிப்பு. தம்பியும் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். கடைசிக் காட்சியில் எனக்குத் தாங்கவில்லை. 'உட்டுடுங்கடா அவன' என்று நாக்கு நுனிவரை வந்தது. அடக்கிக்கொண்டேன். தம்பி என் கையைப் பிடித்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு மூன்று ஞாயிறு இருந்தார். மூன்றிலும் நான் பேசினேன்.

ஆஸ்பத்திரிக்கு அலைந்த எதிர்வீட்டாருக்கும், கஞ்சி காய்ச்சித் தந்த மாடிவீட்டுப் பெண்ணுக்கும், ஹாலில் வந்து உட்கார்ந்த அத்தனை பேருக்கும் என் கும்பிடு.

பேத்தி, நான் சொல்லச் சொல்ல நீ எழுதினதை ஒரு தடவை படித்துக் காட்டு கண்ணு. தம்பியைப் பற்றி இல்லாததை எங்காவது எழுதியிருந்தால் அடித்துவிடலாம்.