மேலே பேசுகிறவள்

“இன்னொரு தடவைக்கா. உங்களை மாதிரியே சொல்லுங்க.”

“இவ்வளவு நேரம் யாரை மாதிரிச் சொன்னேன்?”

ஒலிப்பதிவுக்காரர் காதில் மாட்டியிருந்ததைக் கழுத்துக்கு இறக்கிவிட்டுப் பழைய ஒலியைப் போட்டார். ‘எட்டாவது நடைமேடை.’ பிறகு சற்று முன் அவள் சொன்னதைப் போட்டார். ‘ஒன்பதாவது நடைமேடை.’ முதலில் பேசியவளுக்கு உலகத்தில் எந்தக் கவலையும் இருப்பதாகத் தெரியவில்லை. இரண்டாவதாகப் பேசியவள் வேலை கேட்டு வந்தவளைப் போல இருந்தாள்.

“ரெண்டும் நான்தான்,” என்றாள்.

“எனக்குத் தெரியுதுக்கா. மேனேஜருக்குத் தெரியணுமே.”

பேருந்து நிலையத்தின் பழைய பார்சல் அறை அது. எதிரொலிக்காமல் இருக்கச் சுவர் முழுக்க முட்டை அட்டை ஒட்டியிருந்தது. சத்தம் பதிவாகும் என்று மின்விசிறியை நிறுத்தியிருந்தார்கள். வெளியே ஏதாவது ஒரு பேருந்து பின்னால் வரும், கண்டக்டர் விசில் அடிப்பார், இருவரும் வாயை மூடிக்கொண்டு வியர்வை வழியக் காத்திருப்பார்கள். விசில் நின்றதும் அவள் மறுபடி சொல்வாள். மறுபடியும் பழைய குரலோடு ஒட்டாது.

விசாரணை ஜன்னல் அவளுடையது. அதனால் எல்லோருக்கும் விசாரணை அக்கா. தலை நரைத்த ஓட்டுநர்களுக்கும் அக்காதான். பல வருடங்களுக்கு முன் நிலையத்தில் ஒலிபெருக்கி வைத்தபோது அப்போதைய மேலாளர் அவளைக் கூப்பிட்டு ஊர்ப் பெயர்களையும் மணியையும் நடைமேடை எண்களையும் தனித்தனியாக வாசிக்கச் சொன்னார். ஒரு பிற்பகல் வேலை. வாசித்துவிட்டு ஜன்னலுக்குத் திரும்பிவிட்டாள். இயந்திரம் அவற்றைக் கோத்து வேளாவேளைக்குச் சொல்ல ஆரம்பித்தது. அன்றிலிருந்து மேலே ஒருத்தி, கீழே ஒருத்தி.

இரண்டு பேருக்கும் எப்போதும் ஒத்துப்போகும் என்று சொல்ல முடியாது. கடைசி நேரத்தில் பேருந்தை மாற்றி நிறுத்தினால் மேலே இருப்பவளுக்குத் தெரியாது.

“நாலாவதுன்னு மேல சொல்றாங்க. நீங்க ஏழுங்கிறீங்க?”

“ஏழுதாங்க. இப்பதான் மாத்தினாங்க.”

“அந்தம்மா தப்பா சொல்லுவாங்களா?”

“அந்தம்மாவும் நான்தாங்க.”

கேட்டவர் கண்ணாடித் துளை வழியாக அவளை ஒருமுறை நன்றாகப் பார்த்தார். “விளையாடாதீங்க,” என்று சொல்லிவிட்டு நாலாவதுக்குப் போனார். பேருந்தைத் தவறவிட்டுத் திரும்பி வந்து, மேலே பேசுகிறவள் மீது புகார் எழுத வேண்டும் என்றார். அவள் பேனா கொடுத்தாள்.

வீட்டிலும் இதே கதை. அவள் கணவர் பிரிட்ஜ் மெக்கானிக். அவள் குரலை உயர்த்தினால் போதும், “அந்தம்மா இத்தனை வருஷத்துல என்னை ஒரு வார்த்தை திட்டினதில்லை,” என்பார்.

இப்போது நிலையத்தின் பின்பக்கம் ஒன்பதாவது நடைமேடை கட்டியிருக்கிறார்கள். வெள்ளிக்கிழமை திறப்பு. அந்த நடைமேடை எண் மட்டும் பழைய பதிவில் இல்லை. “குரல் ஒட்டணும். ஒட்டலைன்னா மொத்தத்தையும் புதுசா எடுத்துடலாம். ஒரு பொண்ணு இருக்கு, நல்லாப் பேசுது. நாளைக்குச் சாயங்காலம் வரைக்கும் பாருங்க,” என்றார் மேலாளர். அது புதன்கிழமை.

“சரி சார்,” என்றாள். ஆனால் சரியில்லை. காலையில் நிலையத்துக்குள் நுழையும்போது தலைக்கு மேல் ‘பயணிகளின் கவனத்திற்கு’ என்று கேட்டால், யாரோ ஒருவர் வீட்டுக் கொடியில் தன் புடவை காய்வதைப் பார்த்தது போல இருக்கும். நிமிர்ந்து பார்க்க மாட்டாள். பார்க்காமலே ஒரு சந்தோஷம். இதை அவள் யாரிடமும் சொன்னதில்லை. சொன்னால் சிரிப்பார்கள்.

அன்று இரவு சாப்பிடும்போது கொழுந்தனிடம் மட்டும் கொஞ்சம் சொன்னாள். அவர் கல்லூரியில் தத்துவம் நடத்துகிறவர். கல்யாணம் ஆகும் வரை என்று அண்ணன் வீட்டில் தங்கினார். கல்யாணம் ஆகவில்லை. தங்கிவிட்டார்.

“அண்ணி, இது ரொம்பப் பழைய கேள்வி,” என்றார், பரிசு விழுந்தவர் போல.

“பழசுன்னா உனக்குப் பசியே எடுக்காதே புரொபசர். முதல்ல சாப்பிடுடா,” என்றார் அண்ணன்.

“இருங்கண்ணே. அன்னைக்குப் பேசினவங்களும் இன்னைக்குப் பேசுறவங்களும் ஒரே ஆளா? ஞாபகம்தான் கயிறு, அது எதுவரைக்கும் போகுதோ அதுவரைக்கும் ஒரே ஆள்னு ஒருத்தர் சொன்னார். அந்தப் பதிவு பண்ணின நாள்ல என்ன ஞாபகம் இருக்கு அண்ணி?”

“செருப்பு கடிச்சுது.”

“வேற?”

“வேற ஒண்ணும் இல்லை.”

“அப்போ அந்தச் செருப்புப் போட்டவங்க நீங்கதான். பேசினவங்க நீங்கதானான்னு சந்தேகம்.”

“சந்தேகம்னு வந்தா இந்த வீட்ல என்னைத்தான் பிடிப்பாங்க,” என்றார் கணவர்.

“சந்தேகத்தையே ஒருத்தர் பிடிச்சார்ணே. இருக்கிற எல்லாத்தையும் சந்தேகப்பட்டுக்கிட்டே போய், கடைசியில, சந்தேகப்படுற நான் ஒருத்தன் இருந்தே ஆகணும்னு நின்னார். அப்புறம் வந்த இன்னொருத்தர், இருந்தே ஆகணுமா, பாத்துடலாமேன்னு தனக்குள்ளயே தேடிப் போனார். சூடு இருந்துது, குளிர் இருந்துது, கோபம் இருந்துது, ஆசை இருந்துது. ஆளைக் காணோம்.”

“ரிப்பேருக்குப் போனா கதவு திறந்திருக்கும், டிவி ஓடும், ஆள் இருக்க மாட்டாங்க. எனக்குத் தினம் நடக்குது. பிரிட்ஜைத் திறந்து வச்சுக்கிட்டு நிக்கிறேன்.”

“அவர் என்ன பண்ணினார்?” என்று அவள் கேட்டாள்.

“யாரு?”

“உள்ள தேடிப் போனவர்.”

“அதுவா. தலை சுத்திப் போச்சு. நண்பர்களோட காய் உருட்டி விளையாடப் போயிட்டார்.”

“அவருக்கு நேரம் இருந்திருக்கு. எனக்கு நாளைக்குச் சாயங்காலம் வரைக்கும்தான்.”

கொழுந்தன் கையைக் கழுவிவிட்டு வந்து யோசித்தார். அண்ணிக்கு உதவ வேண்டும் என்று அவருக்கு உண்மையிலேயே இருந்தது. “ஒண்ணு பண்ணுங்க. பேசும்போது, யார் பேசுறதுன்னு உள்ள பாருங்க. அவங்களைப் பிடிச்சுட்டா குரல் தானா வரும்,” என்றார்.

வியாழக்கிழமை அவள் பரணிலிருந்து எடுத்த பழைய செருப்பைப் போட்டுக்கொண்டு போனாள். அதே செருப்பா என்று நிச்சயமில்லை. கடித்தது.

“ஏன்கா நொண்டுறீங்க?”

“ஞாபகம் வர்றதுக்கு.”

ஒலிப்பதிவுக்காரர் பதிவை ஓடவிட்டார். அவள் ஒலிவாங்கிக்கு முன் நின்று, பேசுகிறவளை உள்ளே பார்த்துக்கொண்டே பேசினாள். தன் கால்களையே கவனித்துக்கொண்டு படி இறங்குவது போல, எழுத்துக்கு எழுத்து இடறியது. நேற்று வேலை கேட்டு வந்தவளாக இருந்தவள் இன்று திருடிப் பிடிபட்டவளாக இருந்தாள். பார்க்காமல் பேசிப் பார்த்தாள். பார்க்காமல் இருக்கிறோமா என்று பார்த்தாள். மதியத்துக்குள் ‘ஒன்பது’ என்ற சொல்லே யாரோ ஒருவருடைய பெயர் மாதிரி ஆகிவிட்டது.

“தண்ணி குடிச்சுட்டு வாங்கக்கா.”

அவள் வெளியே போய்க் கால் விரலில் தண்ணீர் ஊற்றிக்கொண்டு வந்தபோது ஒலிப்பதிவுக்காரர் திரையைப் பார்த்துக் குனிந்திருந்தார். “இதைக் கேளுங்க,” என்றார்.

‘ஒன்பதாவது நடைமேடை.’

கவலையே இல்லாத குரல். அவள் நாற்காலியில் உட்கார்ந்தாள்.

“இதை நான் எப்போ சொன்னேன்?”

“சொல்லலை. ‘ஒன்பது மணி’ல இருந்து தலையை வெட்டினேன். ‘ஐந்தாவது’ல இருந்து வாலை எடுத்தேன்.”

“நான் சொல்லாததை நான் சொல்ற மாதிரி.”

“அக்கா, நீங்க அன்னைக்கும் ஒரு முழு வாக்கியம்கூடச் சொல்லலை. ஊர் தனி, மணி தனி. மெஷின்தானே சேக்குது. இத்தனை வருஷமா நீங்க கேட்டது அதைத்தான்.”

வெளியே விசில் அடித்தது. இருவரும் பழக்கத்தில் பேசாமல் இருந்தார்கள், பதிவு ஓடவில்லை என்றாலும்.

“உங்களுக்கு இஷ்டம் இல்லைன்னா வேண்டாம்,” என்றார் அவர். “அந்தப் பொண்ணைக் கூப்பிடச் சொல்லிடலாம்.”

“இன்னொரு தடவை போடுங்க.”

போட்டார். அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். “நடுவுல விக்கல் மாதிரி ஒண்ணு வருதே.”

அவர் அந்த இடத்தைக் கொஞ்சம் தேய்த்தார். விக்கல் போய்விட்டது.

“சரி,” என்றாள். “அவளே சொல்லட்டும்.”

மேலாளர் காதில் வைத்துக் கேட்டார். “பாத்தீங்களா, முயற்சி பண்ணினா வருது,” என்றார். ஒலிப்பதிவுக்காரர் வேறு பக்கம் பார்த்தார். அவள் “ஆமா சார்,” என்றாள்.

அன்று இரவு வீட்டில் இதைக் கேட்டதும் கொழுந்தனுக்கு இருப்புக் கொள்ளவில்லை. “இதைத்தான் அண்ணி ஒரு துறவி ராஜாகிட்ட சொன்னார். தேர்ல வந்தீங்களே, சக்கரம் தேரா, அச்சு தேரா, நுகத்தடி தேரா? ஒண்ணும் இல்லை. எல்லாம் சேர்ந்ததுக்கு ஒரு பேரு, அவ்வளவுதான். நானும் அப்படித்தான்னார்.”

“ராஜா என்ன சொன்னார்?”

“ஒத்துக்கிட்டார்.”

“அவருக்கும் சாயங்காலம் வரைக்கும்தான் நேரம் குடுத்திருப்பாங்க.”

“உங்களை என் வகுப்புல சொல்லலாமா அண்ணி?”

“என்னையா, அவளையா?” என்று கேட்டுவிட்டு, செருப்பைத் திரும்பப் பரணில் போடச் சொல்லிக் கணவரிடம் கொடுத்தாள்.

மறுநாள் வெள்ளிக்கிழமை. ஒன்பதாவது நடைமேடையில் மஞ்சள் கோடு இன்னும் காயவில்லை. மேலாளர் நாடா வெட்டினார். முதல் பேருந்து பின்னால் வந்து நின்றது. கண்டக்டர் விசில் அடித்தார். அவள் ஜன்னலில் இருந்தாள். கால் கட்டைவிரலில் பிளாஸ்திரி ஒட்டியிருந்தது. பை வைத்திருந்த ஒருவர் குனிந்து, எங்கே நிற்கும் என்று கேட்டார். “ஒன்பதாவதுல,” என்றாள். அதே சமயம் மேலேயும் கேட்டது. அவர் தலையை உயர்த்திக் கேட்டு முடித்துவிட்டு, “நீங்க சொன்னது சரிதான்,” என்று சொல்லிவிட்டுப் போனார். ஒரு மணிக்குச் சாப்பிட்டாள். பிற்பகலில் மழை வந்தது. ஐந்து மணிக்கு ஜன்னலை மூடினாள்.