பேட்டரி ஆறும் வரை

என் கணவர் துபாயில் ஏசி மெக்கானிக். ஊரில் எல்லாவற்றுக்கும் நான்தான் ஓட வேண்டும் என்பதால், போன விடுமுறையில் எனக்கு ஒரு மின்சார ஸ்கூட்டர் வாங்கிக் கொடுத்துவிட்டுப் போனார். பேட்டரியைக் கழற்றி வீட்டுக்குள் வைத்து சார்ஜ் போடும் வகை.

சித்திரை மாதம், உச்சி வெயில். திருத்துறைப்பூண்டியில் மாமியாரைக் கண் டாக்டரிடம் காட்டிவிட்டு ஸ்கூட்டரில் திரும்பினோம். வழியில் வயலெல்லாம் வெடித்துக் கிடந்தது, ஒரு மர நிழல் இல்லை. வீட்டுக்கு வந்து பேட்டரியைத் தூக்கியபோது கை சுட்டது. சாயங்காலம் மகளை டியூஷனிலிருந்து அழைத்து வர வேண்டுமே என்ற நினைப்பில், அப்படியே வாசல் கதவோரப் பிளக்கில் சொருகினேன்.

பிற்பகல் அஸர் தொழுகைக்காகக் கைகால் முகம் கழுவி ஒளூ செய்துகொண்டிருந்தபோது கூடத்துக் கட்டிலிலிருந்து மாமி கேட்டார்.

"என்னம்மா, நகப்பாலிஷ் கொட்டிட்டியா? ஒரு மாதிரி வாடை வருது."

எட்டிப் பார்த்தேன். பேட்டரி உப்பியிருந்தது. குக்கர் போலச் சீறிக்கொண்டு வெள்ளைப் புகை வந்தது. சுவிட்ச் அதற்கு நேர் மேலே. கை நீட்டத் துணிச்சல் வரவில்லை.

மாமிக்கு மூட்டுவலி, மெல்லத்தான் நடப்பார். நடத்திக் கூட்டிப்போக நேரமில்லை. ஜமுக்காளத்தோடு தரையில் இறக்கி, கொல்லைப்பக்கம் இழுத்தேன்.

"என்னை விட்டுட்டு ஓடும்மா. பிள்ளைக்கு நீ வேணும்!"

"பேசாதீங்க மாமி, புகை உள்ள போயிடும்!"

கொல்லைப்படி இறங்கும்போது பட்டென்று ஒரு வெடி. தொடர்ந்து இன்னும் நாலைந்து. மாமி என் புடவையைப் பிடித்த பிடியை விடவேயில்லை.

பக்கத்து வீட்டார் குடத்தோடு ஓடி வந்தார்கள். "கரண்ட்ட நிறுத்தாம தண்ணி ஊத்தாதீங்க!" என்று யாரோ கத்தினார். தீயணைப்பு வண்டி வருவதற்குள் கதவும் கட்டிலும் போயின. வீரர்கள் தீயை அணைத்து, கருகிய பேட்டரிப் பெட்டியைத் தெருவில் போட்டார்கள். எல்லாரும் மூச்சு விட்டோம். அரைமணி கழித்து, யாரும் தொடாமலே அது மறுபடி குபீரென்று எரிந்தது. முதல் வெடியைவிட அதுதான் என்னை அதிகம் உலுக்கியது.

"வெளிய அணைஞ்சாலும் உள்ள சூடு இருக்கும்மா. ஒரு செல்லுலேருந்து அடுத்த செல்லுக்குத் தாவும்," என்ற தீயணைப்பு வீரர், அதை ஒரு டிரம் தண்ணீரில் முக்கி வைத்தார்.

கணவரிடம் போனில் சொன்னேன். அவர் குரல் உடைந்தது.

"நாள் முழுக்க நான் சூட்டோட மல்லுக்கட்டுறேன். வெயில்ல வந்தா ஒரு மணி நேரம் ஆறவிட்டு சார்ஜ் போடுன்னு உனக்கு ஒரு வார்த்தை சொல்லாம வந்துட்டேனே."

மூன்று மாதம் ஸ்கூட்டரைத் தொடவில்லை. மகள் நடந்தே போய் வந்தாள். புது பேட்டரி இப்போது கொல்லையில், வீட்டை ஒட்டாத ஒரு தகரக் கொட்டகையில், காலை வெயிலுக்கு முன்பே சார்ஜ் ஏறுகிறது. அப்போதும் பத்து நிமிடத்துக்கு ஒருமுறை போய், புறங்கையை வைத்துப் பார்க்கிறேன்.